இரண்டு நூல் தொலைவு

ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் சாப்பிட்டுவிட்டுக் கண் சொருகும் நேரத்தில் அடுத்தவர் வீட்டுக் கதவைத் தட்டக் கூடாது. வில்லியனூரில் இது எல்லோருக்கும் தெரியும். ஆரோக்கியசெல்விக்கும் தெரியும். இருந்தும் அவள் தட்டினாள். கதவு திறக்கும் வரை விடாமல் தட்டினாள்.

திறந்த செல்வகுமாரி நாற்காலியைக் காட்டினார். வந்தவள் உட்காரவில்லை. ஜன்னல் வரை போனாள், திரும்பினாள், கைப்பையின் வாரை முறுக்கினாள், மறுபடி ஜன்னலுக்குப் போனாள். வெளியே மழை வருவேன் வரமாட்டேன் என்று காலையிலிருந்து எல்லோர் உயிரையும் வாங்கிக்கொண்டிருந்தது.

“அக்கா, இன்னிக்குச் சாயங்காலம் என்னை வெளிய அனுப்பப் போறாங்க,” என்றாள். “நான் ஏமாத்தலக்கா. ஆனா ஏமாத்தலன்னு எப்படிக் காட்டறதுன்னு தெரியல.”

விபத்தில் அடிபட்ட வண்டிகளைப் பார்த்து, சேதம் நிஜமா ஜோடனையா என்று காப்பீட்டு நிறுவனத்துக்குச் சொல்வதுதான் செல்வகுமாரியின் தொழில். பொய்யைப் பார்த்துப் பழகிய கண் என்பதால் ஊரில் எது காணாமல் போனாலும் அவரிடம் வந்து நிற்பார்கள். அவரும் அலுத்துக்கொண்டே செருப்பை மாட்டுவார்.

வாசலில் ஆட்டோ துடைத்துக்கொண்டிருந்த மாரிமுத்து, துணியை அப்படியே போட்டுவிட்டு உள்ளே வந்தான். செல்வகுமாரியை வேலைக்கு அழைத்துப் போவது அவன் ஆட்டோதான். துப்பறிவதிலும் பாதி தன்னுடையது என்று அவனுக்கு ஓர் எண்ணம். யாரும் மறுக்காததால் அந்த எண்ணம் நன்றாகக் கொழுத்துவிட்டது.

“இன்னாம்மா மேட்டரு? சீட்டுக் கம்பெனியா?”

“இல்லண்ணா. விளையாட்டு.”

மாரிமுத்துவின் முகம் தொங்கிப்போனது.

நடந்துகொண்டேதான் அவள் சொன்னாள். பாகூரில் ஜெயசுதாவின் தையல் கடைக்கு மேலே ஒரு மாடி அறை. ஞாயிறுதோறும் அங்கே நாலு பேர் கூடுவார்கள். கணினிப் பயிற்சி நிலையம் நடத்தும் உலகநாதன் கதை சொல்வார். மற்ற மூவருக்கும் ஆளுக்கொரு வேடம், மேசை மேல் அதற்கொரு பொம்மை. ஜெயசுதா வில்லாளி. கரும்புக்காரர் வீட்டுக் கலைவேந்தன் அரக்கர்களின் ராஜா. ஆரோக்கியசெல்வி, நீலி என்ற மந்திரக்காரி. யார் என்ன செய்கிறார்கள் என்று அவரவர் சொல்ல வேண்டும், பகடை உருட்ட வேண்டும், கதை அதன்படி நகரும். விதிகளை எல்லாம் அவர்களே உட்கார்ந்து எழுதினார்கள். இப்போதைய தகராறு நூல் விதியில்.

“நூல்னு ஏதோ சொன்னியே,” என்றார் செல்வகுமாரி.

“தூரத்தை நூலால அளப்போம்க்கா. மந்திரம் ஒரு நூல் தூரந்தான் பாயும். அதுக்கு மேல வேணும்னா நீட்டிப்பு விதி. அந்தச் சுத்துல நீலி இடத்தை விட்டு அசையக் கூடாது. அவ உயிர்ச்சக்தியில பாதியை விட்டுக் குடுக்கணும். குடுத்தா ரெண்டு நூல் தூரம் போகும். நூலை ஒரு தடவை இழுத்து, முடியற எடத்துல விரலை வெச்சு, அங்கேர்ந்து இன்னொரு தடவை இழுக்கணும். எதிரி காலுல பட்டா எதிரி காலி. படலன்னா மந்திரம் திரும்பி வந்து நீலியைக் கொன்னுடும்.”

“பட்டுச்சா?”

“பட்டுச்சுக்கா. எல்லாரும் பாத்தாங்க. ராஜா விழுந்தான். அப்ப கரண்ட் போச்சு, பொம்மையெல்லாம் இருந்த எடத்துலயே விட்டுட்டு வூட்டுக்குப் போனோம். அடுத்த வாரம் ஆயுத பூஜை, ஆட்டம் இல்ல. போன வாரம் போனா, கலைவேந்தன் திரும்ப அளக்கணும்னு நின்னான். அளந்தோம். ஒரு கட்டைவிரல் அளவு எட்டல.”

அவள் நின்றாள். “நான் விரலை நகர்த்தி ஏமாத்தினேன்னு சொல்றாங்க. ஏமாத்தினவங்க கூட ஆடறதில்லன்னு எங்க விதியிலயே இருக்கு. இன்னிக்கு முடிவு பண்ணுவாங்க. வாரம் பூரா ஆஸ்பத்திரியில அடுத்தவங்க வலியையே பாக்கறேன்க்கா. அந்த மாடியில மட்டுந்தான் சிரிக்கறேன். இப்ப எனக்கே சந்தேகம் வந்துடுச்சு. விரல் நெசமாவே நகந்துடுச்சோன்னு நெனச்சு நெனச்சுத் தூக்கம் போச்சு.”

அவள் கைப்பேசியில் இரண்டு படங்கள் இருந்தன. முதலாவது, மந்திரம் பாய்ந்த அன்று எடுத்தது: வெள்ளை நூல், இரு முனைகளிலும் சிவப்பு இழையால் தைத்த குட்டிச் சலங்கை மணிகள், ஒரு மணி ராஜாவின் காலைத் தொட்டுக்கொண்டிருந்தது. இரண்டாவது, போன வாரம் எடுத்தது: மஞ்சள் நூல், அதே மணிகள், ராஜாவின் காலுக்கு முன்னால் ஓர் இடைவெளி.

“பொம்மைங்க?”

“அசையல. காலைச் சுத்தி ஸ்கெட்ச்ல கோடு போட்டுத்தான் வெப்போம். கோடு அப்படியே இருக்கு.”

செல்வகுமாரி இரண்டு படங்களையும் மாற்றி மாற்றிப் பார்த்தார். பிறகு செருப்பை மாட்டினார்.

கரிக்கலாம்பாக்கம் தாண்டுவதற்குள் மாரிமுத்து மூன்று குற்றவாளிகளைப் பிடித்துவிட்டான். கரும்பு ஏற்றிய டிராக்டர் ஒன்று வழியை அடைத்துக்கொண்டு ஊர்ந்தது. அவன் ஹாரனை அமுக்கிக்கொண்டே பேசினான்.

“நூலே வேறக்கா. வெள்ளை நூலை எடுத்துட்டு மஞ்சள் நூலை வெச்சுட்டானுங்க. சின்னப் பையன் கூடச் சொல்லிடுவான்.”

“மணி அதே மணிண்ணா,” என்றாள் ஆரோக்கியசெல்வி. “ஒரு மணியில லேசா நசுங்கல் இருக்கும், கதவுல மாட்டி நசுங்கினது. போன வாரமும் அந்த மணிதான்.”

“சரி, அப்ப அந்தத் தையக்காரம்மா. கத்திரிக்கோல் கையிலயே இருக்குது. ஒரு துண்டு வெட்டிட்டு மணியைத் திரும்பத் தைச்சுட்டா?”

ஆரோக்கியசெல்வி இருக்கையின் நுனியில், விழுந்துவிடுவது போலத் தொற்றிக்கொண்டிருந்தாள். பத்து தடவை மணி பார்த்திருப்பாள்.

பாகூர் மாடி அறையில் மூவரும் ஏற்கெனவே இருந்தார்கள். மேசையைச் சுற்றி மூன்று நாற்காலிகள் மட்டும் போட்டிருந்தது. நாலாவது சுவர் ஓரம், மடித்துச் சாய்த்திருந்தது. ஆரோக்கியசெல்வி அதைப் பார்த்தாள், முகத்தைத் திருப்பிக்கொண்டாள். தீர்ப்பு சொல்வதற்கு முன்பே நாற்காலியை எடுத்துவிட்டார்கள் பாருங்கள், நல்ல மனிதர்கள்.

“வெளி ஆளையெல்லாம் இன்னாத்துக்குக் கூட்டியாந்த?” என்றான் கலைவேந்தன். டிராக்டர் வாடகைக்கு விடுகிறவன். யாரையும் காத்திருக்க வைத்தே பழக்கம்.

“தெரிஞ்சுக்கத்தான் தம்பி வந்தேன். யாரையும் திட்ட வரல,” என்றார் செல்வகுமாரி. உலகநாதன்தான் சங்கடப்பட்டு எழுந்து இடம் கொடுத்தார்.

மேசை மேல் பழைய கல்யாண பேனர் ஒன்று குப்புற விரித்திருந்தது. அதன் வெள்ளை முதுகில் கோட்டையும் ஆறும் காடும் அழியாத மையில் வரையப்பட்டிருந்தன. கோட்டையைச் சுற்றி ஒரு பெரிய வட்டம்.

“இது இன்னா சார்?” என்று வட்டத்தைக் காட்டினார் செல்வகுமாரி.

“காவல் வளையம். அதுக்குள்ள வர்றவங்களைக் கோட்டை தாக்கும். நடுவுல ஒரு குத்தூசி வெச்சு, நூலை இழுத்துப் பிடிச்சு ஒரு சுத்து சுத்தினேன். சரியா ஒரு நூல் தூரம். ஆட்டம் ஆரம்பிச்ச அன்னிக்கே போட்டது,” என்றார் உலகநாதன்.

செல்வகுமாரி பகடைகளை எடுத்துப் பார்த்தார். எல்லாவற்றிலும் சந்தனப் பொட்டு, அதன் மேல் குங்குமம். நூலை எடுத்தார். நல்ல மஞ்சள். ஒரு மணியில் லேசான நசுங்கல். முனைகளைத் தூக்கி வெளிச்சத்தில் பார்த்துவிட்டு ஜெயசுதாவிடம் நீட்டினார்.

“இந்தத் தையல் உன்னுதாம்மா?”

“என்னுதுதான். பிரிச்சுத் திரும்பத் தைச்சிருந்தா பழைய ஊசி ஓட்டை தெரியும். தொட்டதே இல்ல.” ஜெயசுதா மாரிமுத்துவைப் பார்த்துவிட்டுச் சொன்னாள். மாடிப்படியில் அவன் பேசிக்கொண்டு வந்தது கேட்டிருக்க வேண்டும். மாரிமுத்து கூரையில் பல்லியைத் தேடினான்.

“பூசை யார் வூட்டுல?”

“எங்க வூட்டுல,” என்றான் கலைவேந்தன். “டிராக்டரோட சேத்து, பகடையும் நூலும் இருக்கற பெட்டியையும் வெச்சேன். எல்லாரையும் கூப்ட்டேன், இவ மட்டும் வரல.”

“டியூட்டி,” என்றாள் ஆரோக்கியசெல்வி, மெதுவாக. “சொன்னேனே உங்ககிட்ட.”

“இன்னாவோ. நான் ஒண்ணு சொல்றேன்க்கா. சாமிகிட்ட வெச்ச நூலு பொய் சொல்லாது. மனுசங்க விரலுதான் பொய் சொல்லும்.”

ஆரோக்கியசெல்வியின் கண்ணில் தண்ணீர் திரண்டது. கோபமா அழுகையா என்று அவளுக்கே தெரிந்திருக்காது. விரல் என்று அவன் சொல்லும்போது, அவள் கும்பிடும் சாமி வேறு என்பதையும் சேர்த்துத்தான் சொன்னான் என்பது அறையில் எல்லோருக்கும் புரிந்தது. உலகநாதன் கண்ணாடியைத் துடைத்தார்.

செல்வகுமாரியின் குரல் மாறவில்லை. “வெக்கறதுக்கு முன்னாடி பகடை, நூல் எல்லாம் சுத்தம் பண்ணியிருப்பீங்களே தம்பி.”

“பண்ணாம? பல பேரு கை பட்டது. பகடையைத் தொடைச்சேன். நூலை மஞ்சத் தண்ணில ராத்திரி ஊறவெச்சு, காலைல வெயில்ல காயப் போட்டேன். சாமிக்குன்னா சுத்தமா வெக்க வேணாமா?”

“வேணும். ஜெயசுதா, பிளவுசுக்கு லைனிங் துணி வாங்கியாந்தா மொதல்ல இன்னா செய்வே?”

“தண்ணில போட்டு எடுத்துக் காயவெச்சு அப்புறந்தான் வெட்டுவேன். இல்லன்னா மொத தடவை தொவைச்சதுமே சுருங்...”

அவள் பாதியில் நிறுத்தினாள். கை தானாக வாயைப் பொத்திக்கொண்டது.

“சொல்லு.”

“சுருங்கிடும்,” என்றாள் ஜெயசுதா. “காட்டன் எல்லாமே சுருங்கும்க்கா. முறுக்கின நூலு இன்னும் சாஸ்தி. ஐயோ, எனக்கு ஏன் இது தோணல?”

“இது இன்னா கதை,” என்றான் கலைவேந்தன். “சும்மா வாயால சொன்னா ஆச்சா?”

“வாயால வேணாம் தம்பி. உங்க கையாலயே அளங்க.” செல்வகுமாரி ஒரு குத்தூசியைக் கோட்டையின் நடுவில் இருந்த பழைய ஓட்டையில் நட்டார். “இந்த வளையம், நூல் வெள்ளையா இருந்தப்ப போட்டது. பேனர் சுருங்காது. மையும் நகராது. ஒரு மணியை இங்க புடிங்க. இன்னொரு மணி வட்டத்தைத் தொட்டுச்சுன்னா நான் மன்னிப்புக் கேட்டுட்டுப் போறேன்.”

கலைவேந்தன் நூலை இழுத்தான். மணி வட்டத்தைத் தொடவில்லை. விறைப்பாக இழுத்தான். அப்போதும் தொடவில்லை. வேறு பக்கம் இழுத்துப் பார்த்தான். வளையத்தின் எந்தப் பக்கம் போனாலும் அரை விரல் அளவு குறைந்தது.

மாரிமுத்து தலையை நீட்டினான். “அரை விரல்தானேக்கா இருக்குது? அங்க கட்டைவிரல் முழுசா இல்ல எட்டாம போச்சு?”

“ஒரு நூலுக்கு அரை விரல் மாரி. நீட்டிப்பு விதியில நூலை எத்தனை தடவை இழுக்கறாங்க?”

“ரெண்டு.” அவன் வாய் திறந்தபடி நின்றது.

“சாதாரண மந்திரம்னா யாருக்கும் தெரிஞ்சிருக்காது. அரை விரல் முன்னப்பின்ன இருந்தா போடான்னு விட்டிருப்பாங்க. நீட்டின மந்திரம்ங்கறதால குறையும் ரெட்டிப்பாச்சு. அன்னிக்கு இவ அளந்தது சரி. போன வாரம் நீங்க அளந்ததும் சரிதான். யாரும் ஏமாத்தல. நடுவுல நூல் குளிச்சுட்டு வந்துச்சு, அவ்வளவுதான்.” செல்வகுமாரி ஆரோக்கியசெல்வி பக்கம் திரும்பினார். “ரெண்டு படத்துலயும் மணி ஒண்ணு, நூலோட நெறம் வேற. இந்த மஞ்சள், பொட்டு வெச்ச மஞ்சள் இல்ல. முனை வரைக்கும் ஊறின மஞ்சள். அங்கதான் எனக்குச் சந்தேகம் வந்தது. உன் விரல் நகரலம்மா. நீ இனிமே தூங்கலாம்.”

ஆரோக்கியசெல்வி தன் ஆள்காட்டி விரலைப் பார்த்தாள். பார்த்துக்கொண்டே இருந்தாள். பிறகு முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டாள்.

உலகநாதன் தொண்டையைக் கனைத்தார். “நான் ஆட்டத்துக்குப் பொறுப்பு. நான்தான் யோசிச்சிருக்கணும். மன்னிச்சிடுமா.” ஜெயசுதா அவள் தோளைப் பிடித்துக்கொண்டாள். கலைவேந்தன் மட்டும் வளையத்தின் மேல் நூலை இழுத்துப் பிடித்தபடியே நின்றான். விட்டால் ஏதாவது பேச வேண்டியிருக்கும் என்று பயந்தானோ என்னவோ. கடைசியில் விட்டான்.

“நான் வேணும்னு கழுவலக்கா,” என்றான்.

“தெரியும் தம்பி. ஆனா அதை எங்கிட்ட சொல்லி இன்னா புண்ணியம்?”

அவனுக்குக் காது சிவந்தது. போன வாரம் அவன் ராஜாவை வீம்பாகத் தூக்கி நிறுத்தியிருந்தான். இன்னும் அது கோட்டை வாசலில் நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு நின்றது. கையை நீட்டி, அந்தப் பொம்மையை எடுத்து, கோட்டுக்குள்ளேயே மல்லாக்கச் சாய்த்தான். பிறகு சுவர் ஓரம் போனான். மடித்து வைத்த நாற்காலியை எடுத்தான், விரித்தான், உட்காரும் இடத்தைத் தன் துண்டால் துடைத்தான், மேசைக்குக் கொண்டுவந்து போட்டான்.

“நான் சொன்னது தப்பு செல்வி,” என்றான். “விரல்னு சொன்னேன் பாரு, அது ரொம்பத் தப்பு.”

சும்மா விட்டுவிடும் எண்ணம் அவளுக்கு இல்லை. “இன்னொரு தடவை சொன்னீங்கன்னா நான் போயிடுவேன் கலை. நீங்க அனுப்ப வேணாம், நானே போயிடுவேன்.”

“சொல்லமாட்டேன்.”

“புது நூல் நான் வாங்கியாரேன். நைலான். அடுத்த பூசைக்கு அதையும் ஊறவைங்க, என் டியூட்டியை மாத்திக்கிட்டு நானும் வரேன்.”

ஜெயசுதா சிரித்துவிட்டாள். மழை ஒருவழியாகப் பிடித்துக்கொண்டது. மாரிமுத்து ஆட்டோவின் பக்கத் திரையை இறக்கக் கீழே ஓடினான். செல்வகுமாரி படியில் காலை வைத்தவர், ஒரு தடவை திரும்பிப் பார்த்தார்.

மத்தியானத்திலிருந்து ஓரிடத்தில் சரியாக உட்காராத பெண், நாற்காலியை முன்னால் இழுத்துப் போட்டு உட்கார்ந்திருந்தாள். கைப்பை தரையில் கிடந்தது.

“ராஜா செத்துட்டான்,” என்றாள் அவள், பகடையை உள்ளங்கையில் குலுக்கிக்கொண்டே. “இப்ப யாரோட முறை?”