விரலடியில் துடித்தது

மானிட்டர் ஒரு தாளத்தில் அடித்துக்கொண்டிருந்தது. பயிற்சி டாக்டர் கபஹெண்டாவின் விரலடியில் வேறொரு தாளம்.

மின்சாரம் போய்விட்டது; மானிட்டர் பேட்டரியில் ஓடிக்கொண்டிருந்தது. தகரக் கூரையில் மதிய மழை கொட்ட, அறுவை அறையில் டெட்டாலின் நெடியையும் மீறி, கெடத் தொடங்கிய குடலின் வாடை முகக்கவசத்துக்குள் புகுந்து தொண்டையில் ஒட்டிக்கொண்டது. மயக்க மருந்து கொடுக்கும் அபூலி, ஒரு கையால் மூச்சுப் பையை அமுக்கியபடியே மறுகையால் டார்ச்சைப் பிடித்திருந்தான்.

மேசையில் கிடந்தவன் கிசெம்போ. மட்டோகே வாழைக்குலைகளைச் சைக்கிளில் சந்தைக்குக் கொண்டுபோகிறவன். அவன் சிறுகுடல் முழுவதும் முறுக்கிக்கொண்டு நாவல்பழ நிறத்துக்குப் போயிருந்தது. டாக்டர் கைஜா முறுக்கைப் பிரித்து, வெந்நீரில் நனைத்த துணியால் மூடிவிட்டுக் காத்திருந்தார். நிறம் திரும்பினால் பிழைப்பான். திரும்பாவிட்டால் வெட்ட வேண்டும். அவ்வளவையும் வெட்டிவிட்டால் பிறகு வாழ எதுவும் மிஞ்சாது.

குடலுக்கு ரத்தம் கொண்டுவரும் பெரிய தமனியைத்தான் கபஹெண்டா பிடித்திருந்தாள். அது விசிறி போன்ற சவ்வுக்குள் கிளை கிளையாய்ப் பிரிந்து, கிளைகள் கைகோத்து வளைவுகளாகி, வளைவின் மேல் வளைவாய் எழுந்து, கடைசியில் மெல்லிய நேர்க்குழாய்களாய்க் குடலைத் தொட்டது. டார்ச் வெளிச்சத்தில் அத்தனை வளைவுகளும் கறுத்துத் தெரிந்தன. அதே வெளிச்சத்தில் அவள் விரல்கள் மட்டும் கையுறைக்குள் சிவப்பாய் ஒளிர்ந்தன.

உள்ளே தள்ளிவரும்போது அத்தனை வலியிலும் கிசெம்போ, யாரைச் சந்தித்தாலும் செல்லப் பெயரைக் கேட்கும் ஊர் முறைப்படி, அவளிடம் கேட்டிருந்தான். "உங்க செல்லப் பேரு என்னங்க டாக்டர்?"

"அப்வோலி."

"அட, நானும் அப்வோலிதான்! அப்போ பாதி நீங்க, பாதி நான். உள்ள போனதும் கைய மட்டும் விட்ராதீங்க."

"விடமாட்டேன்" என்று சொல்லியிருந்தாள்.

"டாக்டர், தமனி துடிக்குது" என்றாள் இப்போது.

கைஜா சிரித்தார். "அது உன் விரலோட நாடிம்மா. நானும் புதுசுல அப்படித்தான், செத்த குடலுக்கு உயிர் இருக்குன்னு சொல்லி எங்க வாத்தியார்கிட்ட வாங்கிக் கட்டிக்கிட்டேன்."

"ஆனா வேகமா அடிக்குதே. மானிட்டர் மெதுவா..."

"பயந்துட்டா உன் நாடி வேகமாத்தான் அடிக்கும். அபூலி, டார்ச்ச ஸ்டாண்டுல மாட்டிட்டு இவ கழுத்த தொட்டுப் பாரு. ரெண்டும் ஒண்ணுதான்னு சொல்லு."

"ஆகட்டும். கல்யாணப் பொண்ணு மாதிரி அசையாம நில்லு கபஹெண்டா" என்றபடி அபூலி, மூச்சுப் பையை அமுக்கும் கையை விடாமல், அவள் பின்னால் எட்டி வந்தான். அவன் விரல்கள் அவள் தாடைக்குக் கீழே பதிந்தன.

விலகின. கொஞ்சம் கீழே பதிந்தன. இன்னும் அழுத்தின.

"சொல்லுடா" என்றார் கைஜா.

அவன் விரல்கள் கழுத்தின் மறுபக்கத்துக்கு மாறின.

விரலடியில் துடிப்பு வலுத்தது. மானிட்டரும் வேகமெடுத்தது. இரண்டும் நெருங்கின. ஒன்றாயின.

கைஜா துணியை விலக்கினார். "பார், பார்! நிறம் திரும்புது!"

முதல் வளைவு சிவந்தது. அதன்மேல் அடுத்தது. நேர்க்குழாய்கள் ஒவ்வொன்றாய் நிரம்பின. குடல் இளஞ்சிவப்பாகி, மெல்ல நெளிந்தது.

"பொழச்சிட்டான்! போதும்மா. கைய எடு."

எடுக்கப் பார்த்தாள். விரல் வரவில்லை.

குளிர். முழங்கை வரை. தோள் வரை.

"அப்வோலி, விடும்மா."

டார்ச்சின் முன்னால் வளைவுகள் எல்லாம் சிவப்பாய் ஒளிர்ந்தன. நடுவில் அவள் விரல்கள். ஒளி ஊடுருவவில்லை. நாவல்பழ நிறம்.

கழுத்தில் அபூலியின் விரல்கள் இன்னும் தேடிக்கொண்டிருந்தன.