கறுத்த மணலின் கனம்

கடற்கரையில் கறுப்பு மணலும் வெள்ளை மணலும் தனித்தனியாகப் பிரிந்து கிடப்பதில் அதிசயம் ஒன்றுமில்லை. அலை வந்து வந்து அலசுகிறது. லேசான வெள்ளையை இழுத்துக்கொண்டு போகிறது, கனமான கறுப்பு நின்ற இடத்திலேயே தங்கிவிடுகிறது. புதுப்பட்டினத்தில் இத்தனை வருஷம் குடியிருப்பவனுக்கு இதுகூடவா தெரியாது? லட்சுமணனுக்குத் தெரியாததெல்லாம், தன் வீட்டுக் கூடத்துக்குள் அந்த வேலையை யார் செய்கிறார்கள் என்பதுதான். அந்தச் சனிக்கிழமை சாயங்காலம் மனைவி அமிர்தவல்லி கூட்டி அள்ளிய முறத்தில் பேருக்குக்கூட ஒரு வெள்ளை மணல் இல்லை. அத்தனையும் கறுப்பு.

“இதென்னங்க, சலிச்சு வச்ச மாதிரி இருக்கு?” என்றாள் அவள்.

“உன் செருப்புல ஒட்டிக்கிட்டு வந்திருக்கும்.”

“நான் வாசல் தாண்டி ஒரு மாசத்துக்கு மேல ஆச்சு. உங்களுக்குத் தெரியாதா?”

தெரியும். டாக்டரம்மா அவளை அதிகம் நடமாடக் கூடாது என்று சொல்லியிருந்தார். எட்டாம் மாதம். முன்னால் இரண்டு தடவையும் இதே எட்டாம் மாதத்தில்தான் எல்லாம் முடிந்துபோயிருந்தது. இரண்டும் ஆண் குழந்தைகள், இரண்டும் அழவே இல்லை. இந்த மூன்றாவதாவது வீறிட்டு அழுதுகொண்டு பிறக்கவேண்டும். லட்சுமணனுக்கு உலகத்தில் வேறு ஆசையே கிடையாது. சாமி முன்னால் நின்றாலும் அந்த ஒன்றைத் தவிர வேறெதுவும் வாயில் வராது.

முறத்தை அவளிடமிருந்து வாங்கினான். ஒரு கைப்பிடி மணல்தான், ஆனால் கனத்தில் கை தாழ்ந்தது. வாசலுக்குக் கொண்டுபோய் அடுத்த வீட்டுக் கனகாம்பரச் செடி ஓரமாகக் கொட்டினான். அந்த வீட்டு ஞானம்பாள் அங்கேதான் நின்றிருந்தாள்.

“இன்னா சார், என் செடில மண்ணைக் கொட்டிகினு கீறே? அந்தக் கறுப்பு மண்ணுல இன்னாவோ கீதுன்னு சொல்றாங்களே!”

“பயப்படற மாதிரி ஒண்ணும் இல்லம்மா. இதுல தோரியம் இருக்கு, துளியூண்டு யுரேனியம் இருக்கு. பாக்கியெல்லாம் சீரியம், லாந்தனம்னு ரேர் எர்த் உலோகங்க. உங்க வீட்டுக்காரர் சிகரெட் லைட்டர்ல பொறி பறக்குதே, அந்தக் கல்லுல பாதி சீரியம்தான். பெட்ரோமாக்ஸ் மேண்டில் பளீர்னு எரியுதே, அதுல தோரியம்.”

“அப்போ நெருப்பு உள்ளாறயே கீதுன்னு சொல்லு,” என்றாள் ஞானம்பாள்.

அவன் சிரித்தான். சிரிப்பது அவன் உத்தியோகத்தில் பாதி. கல்பாக்கத்திலிருந்து ஜீப்பில் ஏறி, கடலோர ஊர் ஊராகப் போய், தரையிலும் கிணற்றடியிலும் மீட்டரைப் பிடித்துக் கதிரியக்கம் அளப்பது அவன் வேலை. ஜனங்கள் கூடி நின்று கேட்பது ஒரே கேள்வி: எதனா கீதா சார்? அவன் சொல்வது ஒரே பதில்: ஒண்ணும் இல்ல. பொய் இல்லை. மண்ணிலும் கல்லிலும் இயற்கையாகவே கொஞ்சம் இருக்கத்தான் செய்யும். அதற்குப் பின்னணி என்று பெயர். எங்கே போனாலும் முதலில் பின்னணியை அளக்கவேண்டும், அப்புறம் வருகிற அளவிலிருந்து அதைக் கழித்துவிடவேண்டும். மிஞ்சுவதுதான் கணக்கு. பெரும்பாலும் எதுவும் மிஞ்சாது.

அன்றைக்கு வழியில் ஜீப் மக்கர் செய்து நின்றுவிட்டதால் மீட்டரைக் கையோடு வீட்டுக்குக் கொண்டுவந்திருந்தான். திங்கட்கிழமை ஒப்படைத்தால் போதும். விளக்கு வைக்கிற நேரத்தில் கரண்ட் போயிற்று. மின்விசிறி நின்றதும் கடல் வீட்டுக்குள் வந்துவிட்ட மாதிரி இரைந்தது. சவுக்குத் தோப்பின் ஊளை, எங்கோ கருவாடு காயும் வாடை, அதற்கும் அடியில் ஈர இரும்பைத் தேய்த்தாற்போல ஒரு நெடி. சுவரோரம் ஏதோ மெள்ள உதிர்கிற சத்தம் கேட்டுக்கொண்டே இருந்தது. அவன் திரும்பிப் பார்த்தால் நின்றது. அமிர்தவல்லி வயிற்றில் கைவைத்தபடி அந்தப் பக்கமே பார்த்துக்கொண்டிருந்தாள்.

“அந்த மெஷினை வச்சுப் பாருங்களேன். எனக்கு பயமா இருக்கு.”

“அரண்டவன் கண்ணுக்கு இருண்டதெல்லாம் பேய்,” என்றான். ஆனாலும் எடுத்தான்.

அவள் பக்கத்தில் நின்று டார்ச் பிடித்தாள். அவன் கூடத்தின் நடுவில் மீட்டரைப் பிடித்தான். டக். டக் டக். டக். வழக்கத்தைவிடக் கொஞ்சம் கூடுதல்தான். மணல் கரை, மணல் கலந்த பூச்சு, அப்படித்தான் இருக்கும் என்று அதையே பின்னணியாக வைத்துக்கொண்டான். அப்புறம் சமையலறை, சாமி அலமாரி, படுக்கிற இடம் என்று ஒவ்வொன்றாகப் பார்த்தான். அவளும் டார்ச்சோடு கூடவே வந்தாள். போன இடமெல்லாம் அதே அளவு. கழித்தால் சைபர்.

“பாத்தியா, ஒண்ணும் இல்ல,” என்றான். அவள் நிம்மதியாகப் பெருமூச்சு விட்டாள். அவனுக்கும் நிம்மதிதான். பூனை கண்ணை மூடிக்கொண்டால் பூலோகம் இருண்டுவிடுமா என்று கேட்க அங்கே யாரும் இல்லை.

காலையில் அவள் எழுந்தபோது பாயில் மணல் இருந்தது. அவள் படுத்த இடம் சுத்தம். அவளுக்கு இடப்புறம் ஒரு குட்டையான பட்டை, வலப்புறம் இன்னொன்று. இரண்டுக்கும் முழ நீளம்கூட இல்லை.

“ராத்திரி நீங்க ரெண்டு பக்கமும் மாறி மாறிப் படுத்தீங்களா?” என்று கேட்டாள், தலைமுடியை அள்ளி முடிந்துகொண்டே. “யாரோ ஒட்டி ஒட்டிப் படுத்தாங்க. நல்லா இதமா இருந்துச்சு.”

அவன் ராத்திரி முழுக்கக் கூடத்து நாற்காலியில் இருந்தான். பாயைச் சுருட்டி வாசலுக்குக் கொண்டுபோய் உதறினான். அது ஈரத்துணி கனம் கனத்தது. மணல் மண்ணில் விழுந்து சிதறவில்லை, விழுந்த இடத்திலேயே உட்கார்ந்தது.

அன்று முழுக்க அவனுக்கு ஒரு வேலையும் ஓடவில்லை. ஞாயிற்றுக்கிழமை வெயில் இறங்கியதும், ஞானம்பாளை அமிர்தவல்லிக்குத் துணையாக உட்காரச் சொல்லிவிட்டு மீட்டரோடு கடற்கரைக்குப் போனான். தோப்புக்கு அப்பால் கறுப்பு மணல் திட்டு ஒன்று உண்டு; அந்தக் கரையிலேயே மீட்டர் அதிகம் கத்துகிற இடம் அதுதான். அங்கே ஒருதரம் பிடித்துப் பார்த்துவிட்டால், அதோடு பார்த்தால் வீட்டில் இருப்பது ஒன்றுமே இல்லை என்று தன் மனசுக்கே காட்டிவிடலாம்.

அந்தத் திட்டுக்கு அவன் போகாமல் விட்டு நாளாகியிருந்தது. இரண்டு குழந்தைகளையும் அங்கேதான் புதைத்திருந்தான். சொந்த ஊர் துறையூர்ப் பக்கம். இங்கே தங்களுக்கென்று ஒரு சுடுகாடோ இடுகாடோ இல்லாத உத்தியோகக் குடும்பம். ஆஸ்பத்திரியிலிருந்து பச்சைக் குழந்தையைத் துணியில் சுற்றி பஸ்ஸில் மடியில் வைத்துக்கொண்டு வந்தவன், எங்கே போவான்? கறுப்பு மணல் கனம், காற்றில் பறக்காது, நாய் சுலபத்தில் தோண்டாது என்று யோசித்து அந்த இடத்தைத் தேர்ந்தெடுத்தான். படித்த படிப்பு பிள்ளைகளுக்கு அவ்வளவுதான் உதவியது என்று இரண்டாம் தடவை தோண்டும்போது வாய்விட்டு அழுதான்.

திட்டு இல்லை.

தோப்பு இருந்தது, அதே வளைந்த சவுக்கு மரம் இருந்தது, கரை மட்டும் பால் மாதிரி வெளுத்துக் கிடந்தது. கறுப்பில் ஒரு பொட்டுக்கூடக் கிடையாது. நடுவில் பக்கத்துப் பக்கத்தில் இரண்டு சின்னப் பள்ளங்கள். மேலிருந்து யாரும் தோண்டவில்லை. நாய்க் காலடியும் இல்லை. பள்ளங்களின் ஓரம் ஊர்ப்பக்கமாகச் சரிந்து, வழவழவென்று தேய்ந்திருந்தது, அடிக்கடி போய்வருகிற வழி தேய்வதுபோல.

மீட்டரைப் பிடித்தான். டக். வெகுநேரம் கழித்து இன்னொரு டக். வீட்டுப் பின்னணியைக் கழித்தான். சைபருக்குக் கீழே போயிற்று.

அவனுக்கு முதலில் புரியவில்லை. சைபருக்குக் கீழே என்று ஒன்று கிடையாது. அப்படி வந்தால் ஒரே அர்த்தம்தான், பின்னணியைத் தப்பான இடத்தில் எடுத்திருக்கிறான். கூடத்தின் நடுவில் எடுத்தான். அப்புறம் சமையலறை, சாமி அலமாரி, படுக்கிற இடம். எல்லா இடத்திலும் ஒரே அளவு. எந்த வீட்டிலும் எல்லா இடத்திலும் ஒரே அளவு வராது. அவன் போன இடமெல்லாம் ஒன்று மட்டும் மாறாமல் கூடவே வந்தது. டார்ச் பிடித்துக்கொண்டு, பக்கத்திலேயே.

அமிர்தவல்லி.

அவளைத்தான் பின்னணி என்று கழித்திருக்கிறான்.

ஓடினான். மணல் காலை இழுத்தது. தோப்புக்குள் இருட்டு இறங்கிவிட்டிருந்தது. ஞானம்பாள் தெருவிலேயே எதிரில் ஓடிவந்தாள், கொண்டை அவிழ்ந்து கிடந்தது.

“எங்க சார் பூட்டே? அதுக்கு வலி எடுத்துகிச்சு! நான் ஆட்டோக்குப் போறேன், நீ போய் புடிச்சுக்க!”

வீட்டில் கரண்ட் இல்லை. மீட்டர் கையிலேயே இருந்தது, அதை விடத் தோன்றவில்லை. வாசற்படியில் சத்தம் இல்லை. சுவரோரம் இல்லை. நேற்று மீட்டர் அத்தனை தட்டிய கூடம் ஊமையாகக் கிடந்தது. அவள் படுக்கிற பக்கம் ஓரடி வைத்தான். டக். இன்னொரு அடி. டக் டக் டக். அப்புறம் எண்ண முடியவில்லை, அடை மழை தகரத்தில் விழுகிற மாதிரி ஒரே இரைச்சல். அணைத்துவிட்டான்.

அவள் பாயில் மல்லாந்து கிடந்தாள். முகமெல்லாம் வேர்வை. ஆனால் சிரித்துக்கொண்டிருந்தாள்.

“பனிக்குடம் உடைஞ்சிடுச்சுங்க.”

குனிந்து பாயைத் தொட்டான். ஈரம் இல்லை.

மணல். வெதுவெதுப்பாக. அவள் புடவைக்கடியிலிருந்து மெள்ள, சத்தமில்லாமல், வழிந்துகொண்டே இருந்தது.

“ஆட்டோ வருது. எழுந்திரு, அமிர்தம். தூக்கறேன்.”

முதுகுக்கடியில் கையைக் கொடுத்தான். நேற்று ராத்திரிகூட அவளைப் பூ மாதிரி தூக்கிப் பாயில் படுக்க வைத்தவன். தூக்கினான். அசையவில்லை. இரண்டு கையாலும் பல்லைக் கடித்துக்கொண்டு தூக்கினான். ஒரு விரற்கடை எழும்பவில்லை. பாறையைக் கட்டிக்கொண்டிருந்தான்.

“இழுக்காதீங்க,” என்றாள். “அவங்க பிடிச்சிட்டிருக்காங்க.”

“யாரு?”

வாசலில் ஆட்டோ வந்து நின்றது. அதன் வெளிச்சம் கதவிடுக்கில் நுழைந்து அவள் வயிற்றின் மேல் விழுந்தது. இழுத்துக் கட்டிய புடவை. அதன் மேல் இடப்பக்கம் இரண்டு சின்னக் குழிகள். வலப்பக்கம் இரண்டு. கை எதுவும் இல்லை. துணி மட்டும் உள்ளே அமுங்கியிருந்தது, ஐந்தைந்து விரலாக, பச்சைக்குழந்தை அளவுக்கு.

அப்புறம் வயிற்றுக்குள்ளிருந்து ஐந்து விரல் எழும்பி, துணியைத் தூக்கிக்கொண்டு, அந்தக் குழிகளில் ஒன்றைத் தேடிப் போய்ப் பிடித்துக்கொண்டது.