தாய்மொழித் தரம்

உலையில் அரிசியைப் போட்டதும் செண்பகவல்லிக்கு அடுத்த வேலை, கணவனின் காதிலிருந்து மொழியைக் கழற்றித் துடைத்து வைப்பது. செவ்வாய்க் கிரகத்தின் தூசி எதையும் விடாது. ஒரு நாள் துடைக்காமல் விட்டால், மறுநாள் அவள் ரசம் என்பது அவன் காதில் பாதரசம் என்று விழும். அவனும் தட்டைத் தள்ளிவிட்டு மிரண்டு உட்கார்ந்திருப்பான்.

அவன் பெயர் யெர்லான். கஜகஸ்தான்காரன், சுரங்கத்தில் வேலை. அவனுக்குத் தமிழ் தெரியாது, அவளுக்கு அவன் மொழி தெரியாது. காதுக்குள் இருக்கும் 'மாற்றுச்செவி' அவள் பேச்சை அவன் மொழியாக்கும். சட்டைக் கழுத்தில் குத்திய பொத்தான், அவன் பேச்சைத் தமிழாக்கிச் செய்தி வாசிப்பவர் குரலில் சொல்லும். அந்தக் குடியிருப்பில் பாதிக் கல்யாணங்கள் இப்படித்தான் ஓடிக்கொண்டிருந்தன.

கருவிக்கு நேரான பேச்சுதான் புரியும். "தலைக்கு மேல வேலை கிடக்கு" என்று அவள் சொன்னால் யெர்லான் கூரையைப் பார்ப்பான். தான் வேலை பார்க்கும் காய்கறிக் கூடத்து மேற்பார்வையாளனை நினைத்து "வயிறு எரியுது" என்றால் மருந்தகத்துக்கு ஓடுவான். பிறகு கேள்விகள். ஏன் எரிகிறது? அவன் என்ன சொன்னான்? நீ திருப்பி என்ன சொன்னாய்? அவள் எல்லாவற்றையும் விளக்கி முடிப்பதற்குள் எரிந்த வயிறு தானே அணைந்துவிடும்.

ஆனாலும் மனுஷி எத்தனை நாள்தான் தாங்குவாள்? ஒரு நாள் கரண்டியைக் கீழே வைத்தாள்.

"எனக்கு அலுத்துப் போச்சுங்க. எதையும் ரெண்டு தடவ சொல்லணும். பதிலுக்கு அந்தப் பொத்தான் செய்தி வாசிக்குது. புருஷன் பொண்டாட்டி பேசிக்கிற பேச்சா இது?"

"வருந்துகிறேன். நான் என்ன செய்ய வேண்டும்?" என்றது பொத்தான்.

"இந்த மிஷின் இல்லாம எங்கூடத் தமிழ்ல பேசுங்க. அடுத்த கப்பல் வர்றதுக்குள்ள. இல்லன்னா நான் கோவில்பட்டிக்கு, எங்க அண்ணன் வீட்டுக்குப் போறேன்."

பூமிக்குப் போனவர்கள் யாரும் திரும்பி வந்ததில்லை. அவள் இல்லாத வீட்டை நினைத்துப் பார்க்கவே யெர்லானுக்குப் பயமாக இருந்தது. மறுநாளே 'தனியாசான்' ஒன்றை வீட்டுக்குக் கொண்டு வந்தான்.

எல்லாருக்கும் ஒரே பாடப்புத்தகம் என்ற காலம் மலையேறிவிட்டது. தனியாசான் ஆளைப் பார்த்துப் பாடம் சொல்லும் இயந்திரம். செவிலிக்கு வலியைப் பற்றிய தமிழ், சமையல்காரருக்குப் புளி, உப்பைப் பற்றிய தமிழ். தேவைக்கு மேல் ஒரு சொல்லைக்கூடக் கற்பித்துவிடாது. ஒரு மாதம் அது அலமாரியில் உட்கார்ந்து அவர்கள் பேச்சைக் கேட்டது. பூமியிலுள்ள தமிழ்க் குடும்பங்களின் பேச்சுப் பதிவுகளையும் வரவழைத்து அலசியது. கடைசியில் யெர்லானைக் கூப்பிட்டு உட்காரவைத்தது.

"உங்களுக்குத் தேவை ஒரே ஓர் எழுத்து. ம்."

"அவ்வளவுதானா?"

"இழுப்பதிலும் ஏற்றுவதிலும்தான் வித்தை இருக்கிறது. கேட்டுக்கொண்டிருக்கிறேன் என்பதற்கு ஒரு ம். ஐயோ பாவம் என்பதற்கு ஒன்று. அநியாயம் என்பதற்கு ஒன்று. கல்யாணமாகிக் கொஞ்ச வருடமான தமிழ்க் கணவர்கள் இதைக் கொண்டுதான் காலம் தள்ளுகிறார்கள்."

"அவள் சொல்வது எனக்குப் புரிய வேண்டாமா?"

"புரிந்துகொள்வது மேல்நிலைப் பாடம். தாய்மொழிக்காரர்களே அதில் சேர்வதில்லை."

யெர்லான் மாடாக உழைத்தான். சுரங்கத்தில் தலைக்கவசத்துக்குள் ம், ம்ம், ம்ஹூம் என்று சொல்லிப் பார்த்துக்கொண்டே இருந்தான். கூட வேலை பார்த்தவர்கள் பல்வலி என்று நினைத்தார்கள். அவள் குரல் எங்கே இறங்கும், எங்கே நிற்கும், எந்தப் பெருமூச்சுக்கு எந்த ம் என்பதெல்லாம் அவனுக்கு அத்துப்படியானது. தேர்வில் தனியாசான் அவனுக்குத் 'தாய்மொழித் தரம்' கொடுத்தது.

அன்று மாலை மாற்றுச்செவியையும் பொத்தானையும் கழற்றி மேசைமேல் வைத்துவிட்டு அவள் எதிரே உட்கார்ந்தான். செண்பகவல்லி தயங்கித் தயங்கி மேற்பார்வையாளனைப் பற்றி ஆரம்பித்தாள். சரியான இடத்தில் அவன் ம் கொட்டினான்.

"நிசமாவே புரியுதா உங்களுக்கு?"

"ம்."

அவளுக்கு அழுகையே வந்துவிட்டது. ஊர்க்கதை, உறவுக்கதை எல்லாவற்றையும் கொட்டித் தீர்த்தாள். ஒன்றையும் இரண்டாம் முறை சொல்ல வேண்டியிருக்கவில்லை. என் வீட்டுக்காரருக்குத் தமிழ் வந்துவிட்டது என்று பார்க்கிறவர்களிடமெல்லாம் பீற்றிக்கொண்டாள்.

நாளாக ஆக அவள் கதைகள் குட்டையாகிக்கொண்டே வந்தன. ஏன் என்று கேட்க ஆளில்லை. அப்புறம் நீ என்ன சொன்னாய் என்று கேட்கவும் ஆளில்லை. ஒருநாள் சாப்பிட்டு முடித்த பிறகும் அவள் ஒன்றுமே பேசவில்லை. சுவரைப் பார்த்துக்கொண்டு ம் போட்டுவிட்டு அவன் எழுந்து கை கழுவப் போனான். அவள் பின்னாலேயே போனாள்.

"கப்பல் வந்திருக்கு. எனக்கு இங்க இருக்கப் பிடிக்கல. நான் போயிடட்டுமா?"

அவள் குரல் உடைந்திருந்தது. யெர்லான் தான் கற்றதிலேயே மிக மென்மையான ம் ஒன்றைச் சொல்லி, அவள் தலையைத் தடவிக்கொடுத்தான்.

மறுநாள் சுரங்கத்திலிருந்து வந்தபோது வீடு காலியாக இருந்தது. அவசரமாக மாற்றுச்செவியை மாட்டினான். கேட்பதற்குப் பேச்சு எதுவும் இல்லை.

"நேற்று அவள் என்னிடம் என்ன கேட்டாள்?" என்றான் தனியாசானிடம்.

"மொழிபெயர்ப்பது என் வேலையல்ல. உங்கள் உச்சரிப்பு சுத்தமாக இருந்தது."

கப்பலில் செண்பகவல்லிக்குப் பக்கத்து இருக்கை, சேலத்துக்காரக் கமலவேணிக்கு. அந்த அம்மாள் அவளுடைய சிவந்த கண்களைப் பார்த்துவிட்டு மெதுவாகக் கேட்டார்.

"வெளிநாட்டுக்காரரைக் கட்டிக்கிட்டியாமே. பாஷை ஒத்து வரலையா?"

"பாஷை தெரியாத வரைக்கும் நல்லாத்தான்க்கா இருந்தோம். இப்ப அவருக்குத் தமிழ் நல்லா வந்துடுச்சு."

கமலவேணி அவள் கையைப் பிடித்துக்கொண்டார். அந்தப் பக்கம் படம் பார்த்துக்கொண்டிருந்த தன் கணவரைத் தொட்டு, "இந்தப் பொண்ணு சொல்றதைக் கேட்டீங்களா?" என்றார்.

திரையிலிருந்து கண்ணை எடுக்காமலே அவர் சொன்னார்: "ம்."