முதுகு காட்டி வந்தவர்கள்

ராமநாதபுரத்தில் சதக் அண்ணனின் கடையில் பழைய கல்யாணக் கேசட்டுகளைப் பென்டிரைவில் ஏற்றித் தருவது என் வேலை. பள்ளியை நிறுத்திய பிறகு கிடைத்தது. இதுவும் போனால் அய்யா என்னைத் திருப்பூர் மில்லுக்கு அனுப்பிவிடுவார்.

செவ்வாய்க்கிழமை கீழக்கரையிலிருந்து யும்னா அக்கா ஒரு தகர டப்பாவோடு வந்தார். உள்ளே விக்டோரியா ராணி காலத்து ஊமைப்படச் சுருள். எங்கள் கரையில் வெள்ளைக்காரப் பட்டாளம் தோணி ஏறுவதை யாரோ படம் பிடித்திருந்தார்கள்.

“தோணி எங்க பூட்டனாரோடது. பதினோரு சிப்பாய் ஏறுனாக. ஒரு ஆளும் கரை சேரலை,” என்றார்.

டப்பாவில் புளித்த காடி வாடை. சதக் அண்ணன் முகம் சுளித்தார்.

“தொட்டா உதிரும் தாயி. ஒரு தடவைதான் விரிக்க முடியும். தலை எது, வால் எதுன்னு பாத்து ஆரம்பி. போன மாசம் மாப்பிள்ளை தாலிய அவுக்கிற மாதிரி ஓட்டுனியே, அப்படிப் பண்ணிராத.”

நான் பார்க்கவில்லை. பயத்தில் மறந்துவிட்டேன்.

திரை போட்ட அறையில், விளக்குப் பலகை மேல் ஒவ்வொரு கட்டமாக வைத்துப் படம் எடுத்தேன். எடுத்து முடித்த பகுதி விரலிலேயே பொடியானது. எல்லாவற்றையும் சேர்த்து ஓட்டினேன்.

கடலிலிருந்து தோணி கரைக்கு வந்தது. சிப்பாய்கள் பின்பக்கமாக நடந்து இறங்கினார்கள். வாலிலிருந்து எடுத்துவிட்டேன்.

முகங்கள் இல்லை. முதுகுகள் மட்டும், பெரிதாகிக்கொண்டே வந்தன.

எண்ணினேன். பதினோரு பேர்.

அண்ணனிடம் சொல்லவில்லை. கணினியில் வரிசையைத் திருப்பி ஓட்டினேன். ஏறினார்கள். தோணி போனது.

பத்துப் பேர்.

திரும்ப எண்ணினேன்.

பத்து.

மறுநாள் யும்னா அக்கா வந்து பார்த்தார். “வாப்பா பதினொண்ணுன்னுதானே சொல்லுவாக?”

அண்ணன் என்னைப் பார்த்தார். “சுருள்ல எத்தனை பேரு இருந்தாக, கவி?”

மில்லின் நினைப்பு வந்தது.

“பத்துதாண்ணே.”

அக்காவை வழியனுப்ப அவர் வாசலுக்குப் போனார். அறையில் கடற்சேற்று வாடை அடித்தது. கடல் இங்கிருந்து பதினைந்து கிலோமீட்டர்.

மெல்லத் திரும்பினேன்.

கதவிலிருந்து என் நாற்காலி வரை ஈர மணல். ஒரே ஆளின் பூட்ஸ் தடங்கள். குதிகால்கள் என்னை நோக்கி, பின்பக்கமாகவே நடந்து வந்து, என் முதுகோடு முதுகாக முடிந்திருந்தன.

திரும்பிப் போன தடம் இல்லை.