பலகைக்குப் பின்னால் ஒரு முகம்

மழையில் தலையைக் குனிந்துகொண்டு ஓடியது ஈனிட்டின் தப்புதான். ஆனால் எதிரே வந்தவன் கேன்டீன் கதவை அப்படி உதைத்துத் திறந்திருக்க வேண்டியதில்லை. அவள் கோட்டுக்குள் வைத்திருந்த ஃபிலிம் டப்பா நழுவி, உருண்டு, தேங்கிய தண்ணீரில் போய் விழுந்தது.

"கண்ணு தெரியலையா உங்களுக்கு?"

"தெரியுது மேடம். கையில ரெண்டு டீ, ஒரு பன்னு. காலாலதான தொறக்க முடியும்?"

அவள் நிமிர்ந்தாள். சாம்பல் நிறக் கண்கள்... இமை நுனியில் ஒரு மழைத்துளி. அந்தக் கண்களை அவளுக்கு நன்றாகத் தெரியும்.

"டெரிக் போலார்டுதானே? நீங்க எழுதுற நாலு, ஒன்பது மாதிரி இருக்கு. அதனால நேத்து எனக்கு ஒரு மத்தியானமே போச்சு."

"என்னை எப்படித் தெரியும்?"

"தினமும் பாக்குறேனே."

பொய்யில்லை. தேம்ஸ் கரையில் இருந்த அந்தச் சின்ன ஸ்டுடியோவில், ஒவ்வொரு ஷாட்டுக்கும் முன்னால் எண் எழுதிய பலகையைக் காமிரா முன் நீட்டித் தட்டுபவன் டெரிக். பலகை தெரியும் அந்த ஃபிலிம் துண்டை முதல் வேலையாக வெட்டி எடுப்பவள் எடிட்டர் ஈனிட் கார்சைட்.

மறுநாள், முந்தைய நாள் எடுத்ததைத் திரையில் ஓட்டினார்கள். பலகையில் அச்சடித்தாற்போல ஒரு நாலு. அதற்கு மேலே இரண்டு கண்கள், நேராக அவளையே பார்த்தன. அடுத்த நாள் ஒரு புருவம் மட்டும் உயர்ந்தது. அதற்கடுத்த நாள் பலகையின் உச்சியில் ஒரு பன் உட்கார்ந்திருந்தது.

"யாருக்குப்பா இந்தப் பன்னு? நம்ம எடிட்டரம்மாவுக்கா?" என்றார் இயக்குநர். இருட்டில் எல்லோரும் சிரித்தார்கள். தயாரிப்பாளர் மட்டும் சிரிக்கவில்லை.

"இதுக்குத்தான் பொம்பளை கையில படத்தைக் குடுக்க யோசிச்சேன்."

ஈனிட்டின் காது சுட்டது. எத்தனை வருடம் மற்றவர்கள் பெயரில் வெட்டி ஒட்டியிருக்கிறாள்... எடிட்டர் என்று அவள் பெயர் திரையில் வரப்போகும் முதல் படம் இது. அன்று மாலையே அவனைத் தேடிப் போனாள்.

"என் பொழப்போட விளையாடாதீங்க. நீங்க சிரிச்சிட்டுப் போயிடுவீங்க. எனக்கு இன்னொரு படம் கிடைக்காது."

அவன் எதிர்வாதம் செய்யவில்லை. "சரி, மிஸ் கார்சைட்."

மறுநாளிலிருந்து பலகை மட்டும்தான் வந்தது. ஓரத்தில் இரண்டு விரல் நுனிகள். பின்னால் ஆள் இருக்கிறானா என்றே தெரியவில்லை. எண்கள் மட்டும் முத்து முத்தாக இருந்தன. நான் கேட்டதுதானே இது, என்று அவள் தனக்கே சொல்லிக்கொண்டாள். கேட்டது கிடைத்த பிறகு இப்படியா வலிக்கும்...

படப்பிடிப்பு முடிந்தது. வெட்டி ஒட்டும் வேலையும் முடிந்தது. முழுப் படத்தையும் பார்த்த தயாரிப்பாளர், "நல்லா வந்திருக்கு. அடுத்ததும் நீங்களே பண்ணுங்க," என்று சொல்லிவிட்டுத் தொப்பியை மாட்டிக்கொண்டு போனார். ஆசைப்பட்டது கைக்கு வந்துவிட்டது. ஆனால் காலையில் டெரிக் வேறொரு படத்துக்காக ஸ்காட்லாந்துக்கு ரயில் ஏறுகிறான் என்று கேன்டீனில் பேசிக்கொண்டார்கள்.

அவனைக் கூட்டிவர அவள் ஆள் அனுப்பினாள். நனைந்த கோட்டோடு அவன் எடிட்டிங் அறை வாசலிலேயே நின்றான்.

"மறுபடி நாலு தப்பாயிடுச்சா?"

"உள்ள வாங்க."

வெள்ளைக் கையுறையை மாட்டிக்கொண்டு, ஒரு சின்ன ஃபிலிம் சுருளை ஓட்டிப் பார்க்கும் மெஷினில் கோத்தாள். அதன் உள்ளங்கை அகலத் திரையில் டெரிக் வந்தான். தூக்கக் கலக்கத்தில், தும்மலை அடக்கிக்கொண்டு, புருவம் உயர்த்தி, பன்னோடு... அத்தனை நாளின் டெரிக். பிறகு வெறும் பலகைகள், ஒன்றன்பின் ஒன்றாக. சுருள் தீர்ந்து ஃபிலிமின் வால் படபடத்தது.

"இதெல்லாம் வெட்டி எறியறதுன்னு நெனச்சேன்," என்றான் அவன்.

"படத்துக்கு வேண்டாததைத்தான் வெட்டினேன் டெரிக். எனக்கு வேண்டாததை இல்ல." அவள் மெஷினையே பார்த்துக்கொண்டு சொன்னாள். "கடைசிப் பாதியில முகம் இல்ல. அந்த இடத்தை என்னால சரிபண்ண முடியல."

அவன் கோட்டைக் கழற்றி ஆணியில் மாட்டினான். ஸ்டூலை இழுத்துப் போட்டு அவள் பக்கத்தில் உட்கார்ந்தான்.

"இன்னொரு தடவை ஓட்டுங்க."

"அவ்வளவு நல்லாவா இருக்கு?"

"நடிகன் சுமார்தான். எனக்கு எடிட்டரைப் பிடிச்சிருக்கு. நீங்க இப்படிச் சேத்து வைக்கிறது பலகையைத் தூக்கின முதல் நாளே தெரிஞ்சிருந்தா, ஒழுங்கா தலை சீவிட்டு வந்திருப்பேன்."

அவள் சுருளைத் திருப்பிச் சுற்றினாள்.

"ஸ்காட்லாந்துலேர்ந்து எழுதினா பதில் போடுவியா, ஈனிட்?"

"எழுத்து புரிஞ்சா போடுறேன்," என்றாள் அவள்.