மடையை அடைத்தவன் யார்?

"ஐயோ...! யாராச்சும் ஓடியாங்களேன்...!"

பச்சையம்மாவின் அலறல், கும்மிடிப்பூண்டி தொழிற்பேட்டையில் கம்பி வேலி போட்டுக்கொண்டிருந்தவர்கள் வரை கேட்டது.

கடப்பாரையைப் போட்டுவிட்டு ஓடி வந்தார்கள்.

பச்சையம்மாவின் நெல் வயலில், வரப்போரம், ஒரு பெண் குப்புறக் கிடந்தாள். கழுத்தில் வலைக் கயிறு!

1974, தை மாதம். இந்த வட்டாரத்தில் இது மூன்றாவது பெண். மூன்று பேரும் வரப்பில் தனியாக நடந்து போனவர்கள். மூன்று கழுத்திலும் அதே கயிறு.

போலீஸ் ஜீப் ரோட்டோரம் வந்து நின்றது.

சப்-இன்ஸ்பெக்டர் பூவராகவன் முதலில் குதித்தார். கான்ஸ்டபிளாகச் சேர்ந்து, திருடர்களைத் துரத்தித் துரத்தியே மேலே வந்த மனிதர். இன்ஸ்பெக்டர் ஆவதுதான் அவருடைய ஒரே கனவு.

இன்ஸ்பெக்டர் மணவாளன் இறங்கவில்லை.

"சேத்துல பூட்ஸ் நாறிப்பூடும்யா. நீயே பாத்துக்கினு வா. பாடிய ஏத்தினதும் கெளம்பிடலாம்."

பூவராகவன் பேன்ட்டை மடித்துக்கொண்டு வயலில் இறங்கினார்.

பிணத்தைத் தூக்கிய பிறகும் பச்சையம்மா புலம்பிக்கொண்டே இருந்தாள்.

"பொணம் ஒரு பேஜாருன்னா, இது இன்னொரு பேஜாரு! எவனோ என் மடைய அடைச்சிட்டுப் போயிருக்கான் சார்!"

"இன்னாம்மா சொல்ற?"

"சாயங்காலம் தொறந்து உட்டுட்டுப் போனேன். இப்ப பாரு... மேல் வயல்ல தண்ணி கட்டிக்கினு நிக்குது!"

அடுத்த வயலுக்குத் தண்ணீர் பாய வரப்பில் வெட்டி விட்டிருந்த வாயை, யாரோ சேற்றை வைத்து மிதித்து அடைத்திருந்தார்கள்.

பூவராகவனுக்கு அப்போது மடை முக்கியமாகப் படவில்லை. கயிறுதான் முக்கியம்!

கயிற்றைப் பிடித்துக்கொண்டே போனார். மறுநாளே ஆள் சிக்கினான்.

குப்புராஜ். பழவேற்காட்டு மீனவன். சைக்கிளில் கருவாட்டுக் கூடையைக் கட்டிக்கொண்டு பக்கத்து ஆரணி, கும்மிடிப்பூண்டி என்று ஊர் ஊராக விற்பவன். கூடையைக் கட்டியிருந்தது அதே வலைக் கயிறு!

"நான் இல்ல சார்... எங்க ஊர்ல எல்லார் ஊட்லயும் இந்தக் கயிறு கீது சார்...!"

லாக்கப்பில் மணவாளன் கவனித்த கவனிப்பில், "நான்தான் சார்" என்று ஒப்புக்கொண்டான்.

பத்திரிகையில் பூவராகவன் படம் வந்தது. 'தொடர் கொலைகாரனைப் பிடிக்க உதவிய துப்பறியும் புலி!'

புலிக்கு அன்றிரவு தூக்கம் வரவில்லை. பச்சையம்மாவின் புலம்பல் காதுக்குள்ளேயே நின்றது.

காலையில் முதல் இரண்டு பெண்கள் கிடந்த வயல்களுக்குப் போய் விசாரித்தார்.

"ஆமா சார். அன்னிக்கி என் மடையும் அடைச்சிருந்துச்சி."

"என்துந்தான் சார். பக்கத்து வயல்காரன் வேலைன்னு நெனச்சி அவன்கூட சண்டையே போட்டேன்!"

மூன்று மடையையும் அடைத்தது கொலைகாரனேதான்! பூவராகவனுக்குச் சட்டென்று புரிந்தது.

அவரும் கடம்பத்தூர் விவசாயி மகன்தான். தண்ணீர் ஓடுவதைப் பார்த்தால் கால் தானாகச் சேற்றைத் தள்ளும். நெல் போட்டு வளர்ந்தவனுக்கு அது ரத்தத்தில் இருக்கிறது. பக்கத்தில் பிணமே கிடந்தாலும்!

குப்புராஜுக்கு...?

இடம் காட்ட என்று சொல்லி, விலங்கோடு அவனை வயலுக்குக் கூட்டிப் போனார். பச்சையம்மா மறுபடியும் வெட்டிவிட்ட மடையில் தண்ணீர் சலசலவென்று ஓடிக்கொண்டிருந்தது.

குப்புராஜ் வீங்கிய கண்ணோடு குனிந்து பார்த்தான்.

"சார்... கெண்டக் குஞ்சு போவுது பாரு!"

அவ்வளவுதான். ஓடும் தண்ணீரில் அவன் மீனைத்தான் பார்த்தான்.

"அடப்பாவி... தப்பான ஆள உள்ள போட்டுட்டேனே...!" என்று வாய்விட்டே சொல்லிவிட்டார் பூவராகவன்.

ஸ்டேஷன் வாசலில் குப்புராஜின் மனைவி கெங்கம்மாள் காத்துக்கொண்டிருந்தாள்.

"நைனா... அவரு இல்லாட்டி நானும் கொயந்தைங்களும் ஏரியில வியுந்து சாவ வேண்டிதுதான். உசுரோட குடுத்துடு நைனா!"

"குடுத்துடறேம்மா."

சொல்லிவிட்டார். எப்படிக் கொடுப்பது?

மணவாளனிடம் விஷயத்தைச் சொன்னார். மணவாளன் சிரிக்கவில்லை. கோபப்படவுமில்லை.

"வா, நேர்ல காட்டு."

இந்த முறை பூட்ஸைக் கழற்றி ஜீப்பில் போட்டுவிட்டு இறங்கினார் இன்ஸ்பெக்டர். ஆரணியில் அவர் குடும்பத்துக்கு நஞ்சை நிலம் உண்டு. வரப்பில் வழுக்காமல் விறுவிறுவென்று நடந்தார்.

மடையில் தண்ணீர் ஓடிக்கொண்டிருந்தது.

"சே...!" சட்டென்று காலால் சேற்றைத் தள்ளி மிதித்தார் மணவாளன். "அன்னிக்கி அவ்ளோ கெட்டியா மிதிச்சி அடைச்சேன்! மறுபடியும் ஒடைச்சி வெச்சிருக்கா பாரு!"

பூவராகவன் நிமிர்ந்து பார்த்தார்.

"என்னிக்கி சார்...?"

மிதித்துக்கொண்டிருந்த கால் அப்படியே நின்றது.

"நீங்க அன்னிக்கி ஜீப்ப வுட்டே எறங்கலியே சார்!"

மணவாளன் மெதுவாகத் திரும்பினார். முகத்தில் ஒரு சின்னச் சிரிப்பு!

"கையும் காலும் சொன்ன பேச்சு கேக்க மாட்டேங்குது பூவராகவா. தண்ணி வீணாப் போனாலும் சரி... பொம்பள தனியாப் போனாலும் சரி."

"சார்...!"

"இங்க நீ, நானு, அதோ ஒரு கொக்கு. கொக்கக் கூண்டுல ஏத்தப் போறியா? உனுக்கு அடுத்த மாசம் இன்ஸ்பெக்டர் பிரமோஷன். வாயப் பொத்திக்கினு வாங்கிக்கோ."

கடம்பத்தூரில் மனைவி சம்பூர்ணத்திடம் எல்லாவற்றையும் கொட்டினார்.

"சொன்னா என் வேல பூடும் சம்பூர்ணம். சொல்லாட்டி அந்தாளு தூக்குல தொங்குவான்."

"வேல போனா இருக்கற நெலத்துல பயிர் வெச்சிப் பொழச்சிக்கலாங்க. அந்தாளு உசுரு போனா எங்கருந்து கொண்டாருவீங்க? போய்ச் சொல்லுங்க!"

சொன்னார்!

செங்கல்பட்டு கோர்ட்டில், சாட்சிக் கூண்டில் ஏறி, "குப்புராஜ் நிரபராதி. மடையை அடைத்தவன்தான் கொலைகாரன். கொலைகாரன் ஒரு போலீஸ்காரன்! இன்ஸ்பெக்டர் மணவாளன்!" என்றார்.

மடையோரம் மணவாளன் சொன்னதையும் ஒன்றுவிடாமல் சொன்னார்.

"அவர் ஒப்புக்கொண்டதை வேறு யார் கேட்டது?" என்றார் நீதிபதி.

"யாரும் இல்லை ஐயா."

"பார்த்தது?"

"ஒரு கொக்கு..."

கோர்ட் சிரித்த சிரிப்பில் மின்விசிறிச் சத்தம்கூடக் கேட்கவில்லை!

மறுநாள் சஸ்பென்ஷன். தீர்ப்பு ஒரு வாரம் தள்ளிப் போனது. குப்புராஜுக்குத் தூக்கு நிச்சயம் என்று வக்கீல்கள் டீக்கடையிலேயே தீர்ப்புச் சொல்லிவிட்டார்கள்.

பூவராகவன் காக்கியைக் கழற்றிப் போட்டுவிட்டு மண்வெட்டியைத் தூக்கினார். விடிந்ததும் வயலுக்குப் போவார், மேல் மடையை அடைப்பார், வீட்டுக்கு வந்து நாஷ்டாவை முழுங்குவார்.

நாலாம் நாள் காலை... நாஷ்டா பாதியில் இருந்தது.

"ஏங்க...! ஐயோ, ஏங்க...!"

சம்பூர்ணத்தின் அலறல்!

ஓடினார். அவருடைய வயலிலேயே, கீழ்க்கோடி வரப்பில், ஒரு பெண். கழுத்தில் வலைக் கயிறு!

வெட்கமில்லாமல் சொல்ல வேண்டுமானால், அந்தப் பிணத்தைப் பார்த்து பூவராகவன் சந்தோஷப்பட்டார்.

"சம்பூர்ணம்! குப்புராஜ் ஜெயில்ல கீறான்! அப்ப இத அவன் எப்டி பண்ணியிருப்பான்? பொழச்சிட்டான்டி... அந்தாளு பொழச்சிட்டான்!"

"மொதல்ல போலீசுக்குச் சொல்லுங்க..."

சொல்லத் தேவையிருக்கவில்லை. ஜீப் வந்துகொண்டிருந்தது!

யாருமே தகவல் கொடுக்காத பிணத்தைத் தேடி மணவாளன் வந்து இறங்கினார். கூடவே டி.எஸ்.பி. ராஜமாணிக்கம், கான்ஸ்டபிள் சுப்பராயன்.

மணவாளன் பிணத்தைப் பார்க்கவில்லை. நேராக மேல் மடைக்குப் போய் நின்றார்.

"இத யாரும்மா அடைச்சது?"

"எங்க ஊட்டுக்காரருதான் சார். காலீல வந்து..."

சம்பூர்ணம் நாக்கைக் கடித்துக்கொண்டாள். வார்த்தை வெளியே வந்துவிட்டது.

"மடைய அடைச்சவன்தான் கொலைகாரன்னு கோர்ட்டுல சத்தியம் பண்ணிச் சொன்னது யாரு சார்?" டி.எஸ்.பி.யைப் பார்த்துக் கேட்டார் மணவாளன். "மூணு பாடிகிட்டயும் மொதல்ல போய் நின்னது யாரு? கயிறு இன்ன எடத்து கயிறுன்னு ஒரே நாள்ல கண்டுபிடிச்சது யாரு?"

டி.எஸ்.பி. பூவராகவனை அருவருப்போடு பார்த்தார்.

"கட்டின கதைய நெஜமாக்க இன்னொரு பொம்பளயக் கொன்னுட்டியேய்யா!"

"சார்... நான்..."

விலங்கு மாட்டியது. கிளிக்!

ஒரு வாரத்தில் குப்புராஜ் விடுதலை. அவன் கோர்ட் படியில் இறங்கிக்கொண்டிருந்தபோது, அதே படியில் பூவராகவனை விலங்கோடு ஏற்றிக்கொண்டிருந்தார்கள்.

கெங்கம்மாள் மணவாளன் காலில் விழுந்து கிடந்தாள்.

"நீ நல்லா இருக்கணும் நைனா! என் தாலியக் காப்பாத்தின சாமி நீ!"

"எந்திரிம்மா, எந்திரி. என் கடமையத்தான செஞ்சேன்."

பூவராகவனால் அதைப் பார்க்க முடியவில்லை. தலையைத் திருப்பினால் எதிரே குப்புராஜ் நின்றான்.

"குப்புராஜு... நீயாவது நம்புடா. நீ பண்லன்னு சொன்னது நான்தான்டா!"

குப்புராஜ் இரண்டடி பின்னால் போனான்.

"அதான் சார்... நான் பண்லன்னு உனுக்கு மட்டும் அவ்ளோ கரீட்டா தெரிஞ்சிது!"

மண்ணை வாரித் தூற்றிவிட்டு, மனைவி கையைப் பிடித்துக்கொண்டு பழவேற்காட்டு பஸ்ஸுக்கு நடந்தான். பூவராகவன் அவர்கள் கூட்டத்தில் மறையும்வரை பார்த்துக்கொண்டிருந்தார். சொன்னபடி உயிரோடு கொடுத்தாயிற்று.

கூட வந்த சுப்பராயன் கிசுகிசுத்தார்.

"இன்னா சார் இப்டி ஆயிப்போச்சு? நீங்க சொன்னத ஒருத்தங்கூட நம்பலியே சார்!"

பூவராகவன் விலங்குக் கையால் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

"யாருய்யா சொன்னது? கொலைகாரன் ஒரு போலீஸ்காரன்னு சொன்னேன்... மொத்த டிபார்ட்மென்ட்டே ஒத்துக்கிச்சே! ஆளத்தான் கொஞ்சம் மாத்திக்கினாங்க!"