ஒரு நாள் இடைவெளி

"என் வீட்டுக்காரரைத் திருடன்னு சொல்லிட்டாங்க ஐயா," என்றபடி அந்தப் பெண் துப்பறிவாளரின் அறையில் ஒரு ஜோடி செருப்பைக் கீழே வைத்தாள்.

குடிநீரேற்று நிலையத்தில் இருபது வருஷத்துக்கு மேல் தற்காலிக ஊழியராக இருந்தவர் அவள் கணவர். 'தற்காலிகம்' என்ற சொல்லுக்கு அந்தத் துறையில் ஆயுசு கெட்டி. வருஷத்தில் ஒரு நாள் எல்லாத் தற்காலிக ஊழியர்களையும் நீக்கிவிட்டு, மறுநாள் திரும்பச் சேர்த்துக்கொள்வார்கள். அந்த ஒரு நாள் இடைவெளியால் பழைய சேவை முழுவதும் கணக்கில் வராமல் போய்விடும். சென்ற வாரம், சரியாக அந்த நாளில்தான், அவர் நிலையத்தின் தரைத்தொட்டியில் மூழ்கி இறந்திருந்தார்.

"செம்புக் கம்பி திருட வந்து வழுக்கி விழுந்துட்டாராம். அன்னிக்கு அவர் வேலையிலதான் இருந்தார்னு ஆனா, இடைவெளியே இல்லன்னு ஆகும். எங்களுக்கு ஓய்வூதியம் வரும். இல்லன்னா பிள்ளைங்களோட தெருவுல நிக்கணும்."

"யாரோ தள்ளிவிட்டிருக்காங்க அத்தான்!" என்று துள்ளினான் துப்பறிவாளரின் மச்சான்.

"அவசரப்படாதே. செருப்பைப் பாரு."

"நனையவே இல்லை."

"அவரோடதுதான். மோட்டார் அறை வாசல்ல கிடந்துச்சுன்னு நிலையக் கண்காணிப்பாளர் குடுத்தனுப்பினார்," என்றாள் அவள். "உடம்பை எடுத்தப்ப வெறுங்கால்தான்."

மூவரும் நிலையத்துக்குப் போனார்கள். கண்காணிப்பாளர் மடிப்புக் கலையாத சட்டையும் கலையாத முகமுமாக வரவேற்றார்.

"அன்னிக்கு எங்க வீட்டுக் குழாய்ல தண்ணி வந்துச்சே, மோட்டாரை ஓட்டினது யாரு?" என்று மடக்கினான் மச்சான்.

"நான்தான். அதுக்கு என்ன இப்போ?"

மச்சானுக்கு முகம் தொங்கிவிட்டது. துப்பறிவாளர் நிதானமாகக் கேட்டார். "தொட்டியில இறங்கறவங்க கால்ல என்ன போடுவாங்க?"

"ரப்பர் பூட்ஸ். உள்ளே ஒரே பாசி. ஆனா முந்தின நாள் சாயங்காலமே எல்லாத்தையும் திருப்பி வாங்கி, காயவெச்சு, இந்த அலமாரியில பூட்டிட்டேன். சாவி என் இடுப்பை விட்டு இறங்காது."

"திறங்க."

வரிசையாக நின்ற பூட்ஸ்களைத் துப்பறிவாளர் ஒவ்வொன்றாகக் கவிழ்த்தார். கடைசி ஜோடியிலிருந்து கலங்கிய தண்ணீர் கொட்டி அறையெல்லாம் நாறியது.

"ஐயோ, இந்தக் குதிகால் ஒட்டு அவர் போட்டது! சைக்கிள் டியூபை வெட்டி வீட்டுல வெச்சு ஒட்டினாரே!" அவள் அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டாள்.

"பூட்ஸ் வெளியே நனைஞ்சா, ஆள் தண்ணியில நின்னிருக்கார்," என்றார் துப்பறிவாளர். "உள்ளே இவ்வளவு தண்ணின்னா, ஆள் முங்கியிருக்கார். திருட வந்தவருக்கு நீங்க பூட்ஸ் எடுத்துக் குடுத்தீங்களா? செருப்பை வாசல்ல விட்டுட்டு, நீங்க குடுத்ததைப் போட்டுக்கிட்டு இறங்கியிருக்கார். செத்தப்புறம் அதைக் கழற்றி இங்கே பூட்டியிருக்கீங்க. அவசரத்துல தண்ணியைக் கொட்ட மறந்துட்டீங்க."

முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைக்கப் பார்த்தவர் அப்போதுதான் உண்மையைச் சொன்னார்.

"தண்ணிக்கு லீவு விட முடியுமா சார்? வருஷா வருஷம் அந்த நாள்லயும் எல்லாரையும் வரச் சொல்லுவேன். வருகைப் பதிவேட்டுல கையெழுத்து மட்டும் வாங்க மாட்டேன். மேலிடத்து உத்தரவு. அன்னிக்குத் தொட்டிக்குள்ள மோட்டார் குழாயோட வலையில குப்பை அடைச்சிருந்துச்சு. நான்தான் இறங்கச் சொன்னேன்."

செத்தவன் தலையில் திருட்டுப் பழியைப் போட அவருக்குக் கை கூசவில்லை. இப்போது அதே கையால் இடுப்புச் சாவியைக் கழற்றித் துப்பறிவாளரிடம் நீட்டினார்.

"இதையே விசாரணையிலயும் சொல்லுங்க," என்ற துப்பறிவாளர் அவளிடம் திரும்பினார். "அன்னிக்கு அவர் வேலையிலதான் இருந்தாரும்மா. இனிமே யாரும் இல்லைன்னு சொல்ல முடியாது. ஓய்வூதியம் கிடைக்கும்."

அவள் கண்ணைத் துடைத்துக்கொண்டு கண்காணிப்பாளரைப் பார்த்தாள்.

"அன்னிக்கு அவர் உசிரோட மேல ஏறி வந்திருந்தா?"

கண்காணிப்பாளர் தலை குனிந்துகொண்டார்.

"வேலைக்கே வரலைன்னுதாம்மா எழுதியிருப்பேன்."